பவுசர் ஒழுகின இடம்

நாவற்குழிப் பாலத்துக்கு இங்கால
பன்னிரண்டு நாட்டுக் கொடி.
ஒல்லாந்துப் பூக்கள் ஐஸ் பெட்டியில வந்து
பத்துமணி வெயிலுக்கே தலை தொங்கிற்றுது.
நாளுக்கு ஏழு பவுசர் தண்ணி,
இணுவில் கிணறொண்டில இருந்து
நான்தான் ஏத்தி வாறன்.

‘ஈரநிலம் காப்போம்’ பந்தலில
கறுப்புப் பொலித்தீன் விரிச்சுக் குளம்,
சாடிக்குள்ள கண்டல் கன்று,
ஒற்றைக் காலில பிளாஸ்ரிக் பூநாரை.
அதோட நிண்டு படமெடுக்க வரிசை.
கிருபாலினி மிஸ் மைக்கில சொல்லுறா:
சதுப்பு ஒரு பஞ்சு,
மழையைக் குடிச்சு வைக்கும்.

அவ நிக்கிற இடமும்
போன மாரி வரைக்கும் அந்தப் பஞ்சுதான்.
நாற்பது லோட் கிரவல்.
அதில பதினொண்டு என்ர மச்சான் பறிச்சது.
அந்தக் காசில வீட்டுக்கு ஓடு போட்டான்.
நான் ஆரிட்டப் போய் என்னத்தைச் சொல்ல?

நாலாம் நாள் வால்வு கசிஞ்சுது.
ஜப்பான் கூடத்துக்குப் பின்னால,
கக்கூசுக்கும் ஜெனரேற்றருக்கும் நடுவில,
கிரவல் ஊறி இளகி
ஒரு பாய் அகலத்துக்குச் சேறு.

விடியப்புறம் ரோச் அடிச்சுப் பாக்கிறன்:
நெடுங்கால் உள்ளான் ஒண்டு,
ரிக்கெற் இல்லாம உள்ள வந்து
குத்திக் குத்தி எதையோ தின்னுது.
வெளிச்சத்துக்கு ஒருக்காத் தலை நிமித்திச்சு,
பிறகும் குனிஞ்சிட்டுது.
கீழ என்ன கிடக்கெண்டு
அதுக்கு மறக்கேல்லைப் போல.

வாசர் வாங்கிப் போடச் சொல்லி
மரியதாஸ் அண்ணை தந்த முந்நூறு ரூபா
இன்னும் பொக்கற்றில கிடக்கு.
கண்காட்சி முடிய ஆறு நாள்.