நாற்பது சட்டகம் கறுப்பு

கரடிப்போக்குச் சந்தியில்
ரயர் கடைக்கு மேலே என் அறை.
செக்கனுக்கு இருபத்துநான்கு சட்டகம்.
கீழே சில்லுக்குக் காற்றடிக்கும்போது
மேசையும் கொஞ்சம் மூச்செடுக்கும்.

திரையில் ஆளில்லை, மரமில்லை.
ஒரு மஞ்சள் கோடு, ஐந்து புள்ளிகள்.
மோகனம்.
கனகேஸ்வரியக்காவின் வயலின்,
மல்லாவியில் தொண்ணூற்றெட்டில் பதிந்த நாடா.
பற்றறி கிடைக்காத வருசம்.
ஸ்ராண்டில் நிறுத்திய சைக்கிள்,
ரெக்கோடருக்கு டைனமோ,
பெடலில் என் தம்பி நகுலேசன்.

அவன் கால் களைத்தால் நாடா மெல்ல ஓடும்.
மெல்ல ஓடிப் பதிந்தது
இன்று சீராய் ஓடும்போது
சுருதி ஏறிக் கேட்கும்.
அதாவது,
அவன் தளர்ந்த இடமெல்லாம்
வயலின் உயர்கிறது.

மென்பொருள் கேட்டது: திருத்தவா?
வேண்டாம் என்றேன்.
காந்தாரம் தன் படியை விட்டுப்
பஞ்சமத்தை எட்டிப் பார்த்துத் திரும்ப
கோட்டையும் கூடவே ஏற்றினேன்,
ஏற ஏற மெலியவிட்டேன்.
கமகத்தில் அது
மதகடித் தண்ணீராய்ச் சுழித்தது.

நான்காம் நிமிடம், பதினோராம் செக்கன்.
ஒலி கிரீச்சென்று மேலேறி அறுகிறது.
எனக்குத் தெரியும், அது கிபிர்.
தம்பி அண்ணாந்திருப்பான்,
பெடல் நின்றிருக்கும்.
நாற்பது சட்டகம் கறுப்பு வைத்தேன்.
அதற்கே மூன்று இரவு போனது.
வெறும் கறுப்பு போதாது,
அடியில் ஒரு நீலம் துடிக்க வேண்டும்,
தெரிந்தும் தெரியாமலும்.

வவுனியாவில் இருந்து வந்தான் நகுலேசன்,
வானுக்கு ரயர் மாற்ற.
மேலே கூப்பிட்டுக் காட்டினேன்.
"படம் எங்க?" என்றான்.
பிறகு ஒன்றும் கேட்கவில்லை.
கோடு மூன்றாம் முறை ஏறுகையில்
குனிந்து கெண்டைக்காலைத் தடவினான்,
தனக்கே தெரியாமல்.

கறுப்பு வந்தது.
"இதென்ன?"
"கிபிர் வந்ததல்லோ."
சிரித்தான்.
"உனக்கு விசர். செயின் கழண்டது.
கனகேசக்கா வில்லால மண்டையில ஒரு தட்டு.
நீ அப்ப விறகுக்குப் போயிட்டாய்."

அவன் போன பிறகு
கறுப்பை அழிக்கக் கை போனது.
அழிக்கவில்லை.
எத்தனையோ நாள் அது கிபிராகவும் இருந்ததுதானே.

இருபதாம் சட்டகத்திலிருந்து மட்டும்
பெருவிரல் அகலத்தில் ஒரு கிரீஸ் கறை,
தடுமாறி, பல்லில் மாட்டி,
உச்சத்திலிருந்து சறுக்கி இறங்கும்
மஞ்சள்.