ஒன்பதாம் இலக்கம்

மருந்துக்கடையிலை எனக்கு வியாழன் அரைநாள் லீவு.
மற்றவை அதைப் பல்லுக் கட்ட, பாங்குக்குப் போக,
கலியாணவீட்டுச் சீலைக்கு பிளவுஸ் தைக்கக் குடுக்க வைச்சிருக்கினம்.
நான் பழைய பூங்காவுக்குப் போறனான்.

வாசலிலை நிண்ட ஆசிரியை கேட்டா,
"உங்கட பிள்ளை எது?"
பிள்ளை இல்லை. தங்கச்சி இல்லை. மருமகளும் இல்லை.
அந்தக் கல்லூரியிலை நான் படிச்சதுமில்லை.
நான் படிச்ச பள்ளிக்கூடத்திலை இருந்தது ஒரே ஒரு பந்து,
அதுவும் அதிபரின்ர அலுமாரிக்குள்ளை, காத்துப் போய்.
"சும்மா பாக்க வந்தனான்" எண்டன்.
சும்மா எண்ட சொல்லை அவ நம்பேல்லை.
ஒரு கதிரை தந்தா, வெயில் பக்கமா.

கொப்பியின்ர முன்பக்கம்
முடிஞ்சுபோன மாத்திரைகளின்ர பட்டியல்.
பின்பக்கம் அவையள்.
நாலாம் இலக்கம், பந்தைக் குடுக்க முதல்
கண்ணாலை சொல்லிப்போடுவாள், எதிரிக்கும் விளங்கும்.
பதினொண்டு நெடுவல்,
கூடைக்குக் கீழை நிண்டால் பயமில்லை, ஓடினால் ஆமை.
ஒன்பது.
ஒன்பதைப் பற்றி எழுதத் தாள் காணாது.

கம்சத்வனி. எல்லாருக்கும் கம்சி.
இடக்கையாலை தட்டிக்கொண்டு வருவாள்,
சந்தைச் சனத்துக்குள்ளை சைக்கிள் விடுற மாதிரி,
ஒருத்தரிலும் முட்டாமல்,
ஒருத்தருக்கும் மணி அடிக்காமல்.

பக்கத்துக் கதிரை ஓட்டோக்கார ஜெறோம்.
அவருக்குத் தெரிஞ்சது கரப்பந்து மட்டும்.
"தூக்கிக் குடு! அடி!" எண்டு கத்துவார்.
வலைக்கு மேலாலை அடிக்கிறதில்லை,
வலைக்குள்ளாலை விழவேணும் எண்டு
மூண்டு கிழமையாச் சொல்லிக் குடுத்தன்.
"விழுறதுக்கு ஏன் இவ்வளவு ஓட்டம்?"
அரையிறுதியிலை கம்சி பந்தைப் பறிச்சுக்கொண்டு
தனிய ஓடேக்கை
கதிரைக்கு மேலை ஏறி நிண்டது அவர்தான்.
கதிரை உடைஞ்சது. காசு நான் குடுத்தன்.

இறுதியாட்டம் குருநாகலிலை.
சனிக்கிழமை, பின்னேரம் நாலு மணி,
கடை நிரம்பி வழியிற நேரம்.
இருமல் பாணிப் போத்தலிலை போனைச் சாத்தி வைச்சன்.
ஆரோ ஒரு தகப்பன் கை நடுங்க நடுங்க அனுப்புற படம்,
அரைவாசி நேரம் முன்னாலை இருக்கிறவரின்ர தலை.
"பிள்ளை, இது சாப்பாட்டுக்கு முன்னமோ பிறகோ?"
முன்னம் எண்டன்.
துண்டைப் பாத்திட்டுப் பிறகு எண்டன்.
மூண்டாம் கால்பகுதியிலை விழுந்தவள்
எழும்பி, வலக்காலை ஒருக்கா உதறினாள்.
ஒருத்தரும் கவனிக்கேல்லை.

ஐம்பத்தொண்டு, ஐம்பத்திரண்டு.
நாங்கள் ஒண்டு குறைய.
பதினொரு செக்கன், ஒன்பதின்ர கையிலை பந்து,
எறியிறாள்,
படம் நிண்டுபோச்சு.
திரையிலை அந்த வட்டம் சுத்துது.
பந்து ஆகாயத்திலை.
சீனி வருத்தக்கார ஐயா ஒருத்தர்
மிச்சக் காசுக்குக் கையை நீட்டிக்கொண்டு நிண்டார்.
ஆயிரம் ரூபா கூடக் குடுத்திட்டன்.
(திரும்பி வந்து தந்தவர், நல்ல மனுசன்.)
படம் வரேக்கை
மற்றப் பக்கத்துப் பிள்ளையள் குதிச்சுக்கொண்டு நிண்டினம்.

"ஏன் முகம் இப்பிடிக் கிடக்கு,
ஆரும் தவறிட்டினமோ?" எண்டார் முதலாளி.
"இல்லை. ஒரு புள்ளி."

செவ்வாய்க்கிழமை கடைக்கு வந்தாள்.
ரெட்டைப் பின்னல், வெள்ளைச் சட்டை,
மைதானத்திலை தெரியிற அளவு உயரமில்லை.
"கிறேப் பண்டேஜ் ஒண்டு."
"வலக் கணுக்காலுக்கோ?"
வாய் முந்திப்போச்சு.
நிமிர்ந்து பாத்தாள். "எப்பிடித் தெரியும்?"

சொல்லியிருக்கலாம்:
இடப்பக்க மூலை, ஆறு நிமிசம் கிடக்கேக்கை.
சொல்லியிருக்கலாம்:
பதினெட்டுப் போட்டனீர், என்ர கொப்பியிலை இருக்கு.
"நடையைப் பாத்தன்" எண்டன்.
"இரவிலை கழட்டிப்போட்டுப் படும்.
அடுத்த வரியம் எப்ப துவங்கும்?"
"என்ன அக்கா?"
"ஒண்டுமில்லை. இந்தாரும், மிச்சம்."

வாசலடியிலை நிண்டாள்.
"எனக்கு வயசு முடிஞ்சுது அக்கா.
பதின்மூண்டைப் பாருங்கோ. சின்னவள்.
ரெண்டு கையும் ஓடும்."
நொண்டாத மாதிரி நடந்து போனாள்.

கொப்பியிலை இடமில்லை.
புதுசு ஒண்டு வாங்கவேணும்.