துண்டுக்கு அடியில்

சந்தூர் மாங்காய் மண்டியில்
விலையை வாய் சொல்வதில்லை.
வாங்குகிறவர் கையும் விற்கிறவர் கையும்
ஒரு துண்டுக்கு அடியில் சந்திக்கும்.
விரலைப் பிடித்தால் நூறு, கணுவைத் தொட்டால் பாதி,
படியாவிட்டால் கை மட்டும் வெளியே வரும்.
முகத்தில் ஒன்றும் இருக்காது.
பதினோரு வருடமாக இங்கே கணக்கு எழுதுகிறேன்,
முகத்தை நம்பி ஒரு வரவும் வைத்ததில்லை.

அன்றைக்குத் தொடரின் கடைசி ஆட்டம்.
ஏழெட்டு வருடம் கழித்து
அவர்கள் இந்தப் பக்கம் வந்திருந்தார்கள்.
வருவார்களா, விடுவார்களா, விசா உண்டா என்று
பேப்பரில் ஒரு மாதம் இழுத்து
கடைசியில் வந்தேவிட்டார்கள்,
பெங்களூரா காய் முற்றுகிற நேரமாகப் பார்த்து.

மண்டிக்காரர் குப்புராஜ்
எடைமேடைக்கு மேலே டிவியை ஏற்றிக் கட்டினார்.
சிவகாசிப் பெட்டி ஒன்று
என் மேசைக்கு அடியில், காலில் இடித்தபடி.
சித்தூர் கூழ் ஃபேக்டரி ஆள்
முதலில் லாரியை விட்டு இறங்கவே இல்லை.
காலையில் கிலோவுக்கு ஒன்றரை ரூபாய் குறைத்துக் கேட்டு
வாங்கிக் கட்டிக்கொண்டவர்.
விக்கெட் விழுந்த கூச்சலில் உள்ளே வந்தார்.
யாரோ ஸ்டூல் நகர்த்தினார்கள்.
தூரத்தில் ஒரு எதிரி கிடைத்துவிட்டால்
பக்கத்து ஊர்க்காரன் பங்காளி ஆகிவிடுகிறான்.

இனாயத் மட்டும் உட்காரவில்லை.
கிரேட் தூக்குகிற நாலு பேரில் ஒருவன்,
பர்கூர்ப் பக்கம். இடது கை.
டென்னிஸ் பந்து டோர்னமெண்டில் அவன் பெயரைக் கேட்டால்
போச்சம்பள்ளிக்காரர்கள்
டாஸ் ஜெயித்த பிறகும் யோசிப்பார்கள்.
கடைசி ஐந்து ஓவரும்
நிரம்பிய கிரேட் ஒன்றைத் தூக்கிக்கொண்டே நின்றான்.
இறக்கி வைத்திருக்கலாம்.
லாரி எப்போதோ நிரம்பிவிட்டது.
ஆனால் இரண்டு கையும் வேலையில் இருந்தால்
தட்டினானா இல்லையா என்று
யாரும் எண்ண முடியாது.

நம் ஆள் ஃபோர் அடிக்கும்போதெல்லாம்
இரண்டு மூன்று தலைகள்
அவன் பக்கம் ஒரு நடை போய்த் திரும்பி வந்தன.
கெட்டவர்கள் இல்லை.
அதில் ஒருத்தன் இனாயத்தின் தங்கை கல்யாணத்துக்குப்
பந்தல்கால் ஊன்றியவன்,
கூலி வேண்டாம் என்றவன்.

மூன்று பந்து, நாலு ரன், கையில் ஒரே விக்கெட்.
அவர்களுடைய அந்த இடதுகைப் பையன்,
இருபது வயது இருக்குமா,
சட்டைக் கையில் முகத்தைத் துடைத்துவிட்டு ஓடி வந்தான்.
பந்து வெளியே போகிற வழியாகவே போய்
கடைசி நொடியில் மனசு மாறி
உள்ளே திரும்பி
நடு ஸ்டம்பைப் பிடுங்கிப் போட்டது.

மண்டியில் மூச்சுச் சத்தம் இல்லை.
அப்போதுதான் பார்த்தேன்:
கிரேட்டுக்கு அடியில்
இனாயத்தின் இடது மணிக்கட்டு
மெல்ல, ஒரே ஒரு தரம், திரும்பியது.
பூட்டுக்குள் சாவி திரும்புகிற மாதிரி.
எங்கே விட்டான், எந்த விரல் கடைசி என்று
கை தன்னையே கேட்டுக்கொண்டது.
முகத்தில் ஒன்றும் இல்லை.

"அடேயப்பா, என்னா பந்துடா!"
என்று கத்தியது நான்தான்.
வாய்விட்டு, அத்தனை பேருக்கும் முன்னால்.
ஒரு தலை திரும்பவில்லை.
"ஆமா தெய்வானை, அதை எவனும் ஆட முடியாது"
என்றார் குப்புராஜ், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

பிறகு டிவி அணைந்தது.
சித்தூர்க்காரர் மறுபடி ஆந்திராக்காரர் ஆகி
அதே ஒன்றரை ரூபாயில் வந்து நின்றார்.
துண்டை உதறி விரித்தார்கள்.
இனாயத் கிரேட்டை இறக்கி
விரல்களை ஒவ்வொன்றாக நீட்டி மடக்கினான்.
உன்னால் அந்தப் பந்தைப் போட முடியுமா,
இதுதான் நான் கேட்க நினைத்தது.
சுற்றிலும் ஆள் இருந்தது.
என்னிடம் ஒரு துண்டு இல்லை.

நாற்பத்தொன்று என்று எழுத வேண்டியதை
பதினான்கு என்று எழுதி, அடித்து, மறுபடி எழுதினேன்.
பட்டாசுப் பெட்டியை இன்னும் யாரும் எடுத்துப்போகவில்லை.
காலை நீட்டினால் இடிக்கிறது.