இடப்பெயர்

கச்சேரி மதிலோரம் என் மேசை.
சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர் என்று பலகை.
அதன் கீழ்முனையைப் போன மாரியில்
ஒரு மான் நக்கிப் போட்டது.

கிண்ணியாவிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திருந்தார் உம்மு ஹபீபா.
பொலித்தீன் உறைக்குள் ஒரு அரபுத் தாள்.
பெயர்: அப்துல் வதூது. வயது நாற்பத்தொன்று.
தொழில் ஒட்டகம் மேய்த்தல். காரணம் வெப்பம்.
மௌத்தான இடம்:
ஜபல் உம்முல் அதஷ்.

"அப்படியெண்டா என்ன சேர்?"

தாகத்தின் தாய், என்றேன்.
கதை அவருக்கு முன்பே தெரிந்திருந்தது.
வழி தவறிய ஒருத்தி
கடைசித் தோல்பைத் தண்ணீரை
இரண்டு ஒட்டகங்களுக்கும் ஊற்றிவிட்டு
அந்த மலையின் நிழலில் சாய்ந்தாளாம்.
ஒட்டகங்கள் வீடு போய்ச் சேர்ந்தன.
முதலாளி வீட்டில் இதைச் சொல்லிவிட்டு
ஒட்டகங்களின் பரம்பரையைத்தான் புகழ்வார்களாம்.

"அவர் அந்தப் பேரைச் சொல்லமாட்டார் சேர்.
உச்சியில மட்டும்தான் சிக்னல்,
வெள்ளிக்கிழமை ஏறுவார்.
மேல பாறையில ஏழு குழி இருக்காம்,
எங்கட கன்னியாக் கிணறு மாதிரி பக்கம் பக்கமா,
காலை வைச்சா ஒவ்வொண்டும் ஒவ்வொரு சூடு.
தண்ணிதான் இல்லை.
'கன்னியாவில நிண்டு பேசுறன்' எண்டுதான் தொடங்குவார்.
சூடான்காரரும் நேபாளத்துப் பொடியனும்கூட
கடைசியில கன்னியா எண்டே சொன்னவங்களாம்.
அதை எழுதேலாதா?"

எழுதேலாது.
மலையைப் பெயர்க்கலாம், வெடிமருந்தும் பெர்மிட்டும் இருந்தால்;
இங்கே லொறி லொறியாகப் பெயர்க்கிறார்கள்.
மலையின் பெயரைப் பெயர்க்கக் கூடாது.
ஒலியை ஒலியாகவே இறக்கிவைக்க வேண்டும்.

இறக்கினேன். தமிழ் எழுத்தில்
மலை யாரோ ஒரு ஆளின் முழுப்பெயர் போல நின்றது.
அவர் 'உம்மு'வில் விரலை வைத்தார்.
"என்ட பேரும் இதுக்குள்ள கிடக்கு."

கட்டணம் ஆயிரத்து இருநூறு. வாங்கினேன்.
மிச்சக் காசு எண்ணும்போது கை கொஞ்சம் தடுமாறியது,
அவருக்கல்ல, எனக்கு.

இரண்டு மணிக்கு
பதிவாளர் கந்தோர் லிகிதர் தாளோடு இறங்கி வந்தார்.
"முத்திரைக்குக் கீழ இதென்ன, ஏழு புள்ளி?"

பேனை கசியுது ஐயா.

தாளைத் தூக்கி வெயிலில் பிடித்துப் பார்த்தார்.
"வரிசையாகவா?"