கோதுமை, மேற்கு, தாமரை

திரையில் அவர் பெயர் ஓடியபோது
அவரால் அதைப் படிக்க முடியவில்லை.
மூன்று சீன எழுத்து.
முழங்கையால் என்னை இடித்தார்:
"மிஸ் யுங், இதில் நான் எது?"
மூன்றுமே நீங்கள்தான் என்றேன்.
கோதுமை, மேற்கு, தாமரை.
மாக் சாய் லின்.
செலதோனியோ மக்சலின் சிரித்த சிரிப்பில்
முன்வரிசை முழுக்கத் திரும்பிப் பார்த்தது.

மணிலாவிலிருந்து கப்பல் வாத்தியக் குழுவோடு ஷாங்காய்.
அங்கே பத்து ஆண்டு, நடன அரங்கில்
வெள்ளைக் கோட்டு, ட்ரம்பெட்,
டிக்கெட்டுக்கு ஒரு நடனம், நடனத்துக்கு மூன்று நிமிடம்.
ஊர் கைமாறியதும் அரங்கைப் பூட்டினார்கள்.
ஹாங்காங்கில் இறங்கியபோது
கோட்டு இருந்தது,
முன்பல் ஒன்று ஆடிக்கொண்டிருந்தது.
ட்ரம்பெட்காரனுக்குப் பல்தான் வீடு, வாசல், பாங்குக் கணக்கு.
வான்சாய் பாரில் ஒரு ராத்திரி அது விழுந்தது.
"கைக்குட்டையில் முடிந்துகொண்டு
மீதியை வாயால் பாடி முடித்தேன்" என்பார்,
பாடிக் காட்டியதில்லை.
அடுத்த வாரம் டயமண்ட் ஹில் ஸ்டூடியோவுக்குப் பஸ் ஏறினார்.

தகரக் கூரை. மழை வந்தால் ஒலிப்பதிவு நிற்கும்.
ஒரு படத்துக்கு ஆறு நாள்.
வாளை உருவ நான்கு வினாடி,
மாமியார் கதவைத் திறக்க ஏழு,
நரி பெண்ணாக மாறப் பதினொன்று.
கையில் ஸ்டாப்வாட்ச், காதில் பென்சில்.
அவர் கிறுக்கியதை நான் மையில் பெயர்த்தெழுதுவேன்,
தாளுக்கு நாற்பது காசு.
சாக்ஸபோன் வாசித்த அவர் ஊர்க்காரர்களுக்குக் கோடுகளில்,
எர்ஹூ வாசித்த ஓங்குக்கு எண்களில்.
அவர்களுக்கு இது புரியாது, இவருக்கு அது.
நடுவில் என் மேசை.

மக்சலின் என்றால் என்ன என்று கேட்டேன் ஒருநாள்.
ஒரு பாத்திரத்திலிருந்து இன்னொன்றில் ஊற்றுவது என்று
தேநீரைச் சாஸரில் கவிழ்த்துக் காட்டினார்.
ஒரு மொழியை இன்னொன்றில் பெயர்ப்பதற்கும்
அவர் பாஷையில் அதே சொல்தானாம்.
தாளைப் பார்த்துத் தாளில் எழுதுவதற்கும்.
அப்படியானால் நானும், என்று சொல்ல வாயெடுத்து
மேசையில் சிந்தியதை
ஒற்றுத்தாளால் ஒற்றினேன்.

பிறகு அந்தப் படம்.
கணவன் உடல் படகில் வருகிறது.
அவள் துறையில் மீன் செதில் உரசிக்கொண்டிருக்கிறாள்,
இன்னும் நிமிரவில்லை.
தயாரிப்பாளர் க்வோக் கேட்டது முப்பது வயலின்
(இருந்தது ஒன்பது).
மக்சலின் என்னிடம் கொடுத்த பக்கத்தில்
எல்லா வாத்தியத்துக்கும் ஓய்வுக்குறி.
இருபத்திரண்டு வினாடி.
கோட்டுக்குக் கீழே தொங்கும் சின்னக் கறுப்புக் கட்டைகளைப்
பதினான்கு தாளில் வரைந்தேன்.
ஒன்றுமில்லாததற்கும் அதே நாற்பது காசு.

"வாசிக்காததற்கு நான் எதற்குப் பணம் தர?"
"தராதீர்கள். என் கணக்கில் பிடியுங்கள்."
பிடித்தார்கள்.
ஒரு டாலர் அறுபது காசு. ரசீது என்னிடம் இருக்கிறது.

வாசிக்காவிட்டால் என்ன, பதிவு பதிவுதான்.
வில்லை மடியில் வைத்து எல்லோரும் உட்கார்ந்தோம்.
ஓங்கின் நாற்காலி கிரீச்சிட்டது.
மறுபடி, என்றார்.
யாரோ எச்சில் விழுங்கினார்கள்.
மறுபடி.
மூன்றாம் முறைதான் சரியாக வந்தது.

வெளியான அன்று யாவ்மாடேய் அரங்கில்
தரை முதல் பால்கனி வரை
தர்பூசணி விதை கொறிக்கும் சத்தம்.
படகு வந்தது. கத்தி செதிலில் போய்வந்தது.
கொறிப்பு ஒவ்வொரு வரிசையாக ஓய்ந்தது.
ஒரு பையன் மட்டும் உரக்கக் கேட்டான்,
"ஸ்பீக்கர் கெட்டுப்போச்சா?"
அவன் அம்மா பதில் சொல்லவில்லை.

இருட்டில் மக்சலினின் பாக்கெட்டுக்குள்
டிக் என்று கடிகாரம் நின்றது.
"இருபத்தொன்று" என்றார் என் காதில்.
"ஒரு வினாடியை வெட்டிவிட்டார்கள், மிஸ் யுங்.
க்வோக்கிடம் அந்தக் காசைத் திருப்பிக் கேட்கவேண்டும்."