இடமிருந்து மூன்றாவது

கப்பல் மூழ்கும் படத்தில் நான் இருக்கிறேன்.
படகில் இறக்கும்போது பொம்மையைத் தவறவிடும் பிள்ளை.
அண்மைக் காட்சி பொம்மைக்குத்தான்.

அனாதை விடுதிப் படத்தில்
கஞ்சி வரிசையில் இடமிருந்து மூன்றாவது.
கதாநாயகன் இரண்டாமவள் தலையைத் தடவினான்.
ஒத்திகையில் என் தலைதான்.
முடி ரொம்ப வெளுப்பு, விளக்கில் எரிகிறது
என்றார் ஒளிப்பதிவாளர்.

கொள்ளைநோய்ப் படத்தில்
போர்வைக்கு வெளியே தெரியும் கால்கள் என்னுடையவை.
அசையாமல் கிடந்ததற்கு ஒரு டாலர் கூடுதல்.

மேவிஸ் டோல்கார்ட் என்ற பெயர் கடிக்கிறது,
மாற்றிவிடலாம் என்றார்கள்.
மாற்றி எங்கே போடப் போகிறீர்கள் என்று அம்மா கேட்டாள்.
அதற்கப்புறம் அந்தப் பேச்சு எழவில்லை.

கல்வர் சிட்டி, முப்பத்தேழு.
அப்பா அதே ஸ்டூடியோவில் தச்சர்.
திறந்தால் அந்தப் பக்கம் எதுவும் இல்லாத கதவுகள் செய்வார்,
தாழ்ப்பாளை மட்டும் ஒழுங்காகப் பொருத்துவார்.
சட்டப்படி தினம் மூன்று மணி நேரம் பள்ளிக்கூடம்.
நிலநடுக்கத்துக்கும் மதிய உணவுக்கும் நடுவே
மிஸ் ப்ரூவிட் எனக்குப் பின்னம் சொல்லிக்கொடுத்தாள்.
நெற்றியில் பூசிய ரத்தத்தைக் கழுவ விடமாட்டார்கள்,
அப்படியே கணக்குப் போடுவேன்.

வசனம் ஒரே ஒன்று.
பனி பெய்யும் தெருவில் கிழவர் ஒருவர் போகிறார்,
நான் ஓடிப்போய்
"சார், உங்க கையுறை" என்கிறேன்.

பனி என்பது வெள்ளைச் சாயமடித்த கார்ன்ஃபிளேக்ஸ்.
மிதித்தால் நொறுங்கும்.
அந்தச் சத்தத்தில் யார் பேசியதும் கேட்காது,
குரலைப் பிறகு சேர்ப்பார்கள்.
சேர்க்கிற அன்றைக்கு எனக்குப் பொன்னுக்குவீங்கி.
வேறு யாரோ ஒரு பெண்ணைக் கூப்பிட்டார்கள்.

அவளுக்கு முன்பல்லில் சந்து இருந்திருக்க வேண்டும்.
அந்தச் "சார்" லேசாகச் சீட்டியடிக்கும்.

நடிகர் தேர்வு அறை நிலையில்
சாக்பீஸ் கோடு ஒன்று உண்டு: நான்கடி மூன்றங்குலம்.
நீளப் பாவாடைக்குள் முழங்காலை மடித்து நிற்கச்
சொல்லிக்கொடுத்தாள் அம்மா.
ஒரு மார்ச் மாதம் எவ்வளவு மடித்தும் பயனில்லை.
யாரும் எதுவும் சொல்லவில்லை.
தொலைபேசி அடிக்கவில்லை, அவ்வளவே.

அடிக்கும் தொலைபேசிகளிடம் போய்ச் சேர்ந்தேன்.
பசடீனா நிலையம், இரவு முறை.
"எண் சொல்லுங்கள்."
ஒரு நாளைக்கு எழுநூறு தடவை, என் சொந்தக் குரலில்.

இப்போது அந்தப் படம் கிறிஸ்துமஸுக்குத் தொலைக்காட்சியில் வருகிறது.
தெருப் பையன்கள்கூடக் கையுறை வசனம் சொல்லிச் சீட்டியடிக்கிறார்கள்.
வெர்ன் பக்கத்து வீட்டாரை அழைத்து உட்காரவைத்தான், இந்த வருடம்:
"பாருங்கள், இப்போது வருவாள்."
டயர் விளம்பரம் வந்தது.
விளம்பரம் முடிந்தபோது
கிழவர் கையில் கையுறை தானாக ஏறியிருந்தது.
வெர்ன் தொலைக்காட்சிப் பெட்டியைத் தட்டினான்.
நான் வான்கோழியைப் பார்க்கப் போனேன்.

ஜனவரியில் ஓர் இரவு, பலகையில் ஒரு விளக்கு.
"சான் பெர்னார்டினோ வேண்டும்" என்றாள் ஒரு பெண்.
சீட்டி.

அவளாக இல்லாமலும் இருக்கலாம்.
பல்லில் சந்து எத்தனையோ பேருக்கு.
எங்களுக்கு அனுமதித்த வாக்கியங்கள் பதினொன்று,
கேட்க நினைத்தது அதில் இல்லை.
"இணைக்கிறேன்" என்றேன்.
மறுமுனை எடுத்ததும் காதிலிருந்து இறக்கிவிட வேண்டும்,
விதி அது.
நான் இறக்கவில்லை.

தூக்கக் கலக்கத்தில் ஓர் ஆண், "யாரது?"

"சார்லி, நான்தான்" என்றாள்,
பனித்தெருவில் என் வாயசைந்த
அதே குரலில்.

கட்டணச் சீட்டில் நேரம் குறித்தேன்.
ஒன்று பதினான்கு.