பதினொரு வாக்கு

முதல் தேர்தலில் டார்லின் குஹ்தா வென்றது
பதினொரு வாக்கில்.
அதில் இரண்டு, எதிர்வீட்டு பெத்ரிக் தம்பதி;
காணாமல்போன நாயைத் தேடிக் கொடுத்திருந்தாள்.

கிளீவ்லாந்துக்குப் போகிறவர்கள்
பெட்ரோல் போட நிற்கும் ஊர்.
அதற்கும் சாக்கடை உண்டு,
பனி தள்ள மூன்று வண்டி உண்டு,
ஒன்று எப்போதும் ரிப்பேர்.

லெனார்ட் இறந்த இரவும் போன் அடித்தது:
"மேயரா? எங்கள் தெருவில் உப்புப் போடவில்லை."
போடச் சொன்னாள்.
பிறகுதான் அழுதாளாம்.
யார் பார்த்தது?

இருபது வருஷம்.
போன நவம்பரில் தோற்றாள்,
குப்பை வரி நாலு டாலர் ஏறியதற்கு.

இன்று இருட்டும் நேரம்
தபாலாபீஸ் முனையில் நிற்கிறாள்.
விளக்கு எரியவில்லை.
கம்பத்தின் எண்ணை
உள்ளங்கையில் எழுதப் பார்க்கிறாள்;
குளிரில் பேனா உறைந்துவிட்டது.

ஊதுகிறாள்.
மறுபடி ஊதுகிறாள்.